லெமேத்திரர் சரித்திரச் சுருக்கம்

கத்தோலிக்கக் குருவானவர் ஒருவருடைய சரித்திரத்தைச் சைவப் பத்திரிகையிலே நாம் எழுதப் புகுந்தமை கண்டு ஆசிரிய நண்பர்கள் சிலர் வியத்தல் கூடும். ஆதலின் காரணத்தை முன்னரே சொல்லிவிடுதல் நன்று. சில வருஷங்களுக்கு முன் மேல்வகுப்பு மாணாக்கருக்குச் சமய பாடம் நடத்தியபொழுது, பிரமாவின் பகல் ஒன்று 432 கோடி வருஷம் என்று புராணங்கள் கூறுவதையும், பூமியின் வயது ஏறக்குறைய 454 கோடி வருஷம் என்று இக்காலத்து விஞ்ஞானிகள் கூறுவதையும் கரும்பலகையிலே ஒன்றன்கீழ் ஒன்றாக எழுதிவிட்டுப் பெருமிதத்தோடு நின்றோம். பின் வாங்கிலிருந்த மாணாக்கி ஒருத்தி எழுந்து, விஞ்ஞானிகள் நாளைக்குத் தங்கள் கணக்கை மாற்றிவிட்டால் நாங்களும் எங்கள் கணக்கை மாற்ற வேண்டுமோ என்று வினாவினாள். நமக்கு விடை தோன்றவில்லை. மணி அடித்தது, தப்பினோம். அவ்வினாவைத் தம் வாழ்நாள் முழுவதும் சுமந்து, அதற்கு ஒழுக்கத்தினாலே விடை கூறிய ஒருவரைப் பின்பு நூல்களிலே கண்டோம். அவரே ஜோர்ஜ் லெமேத்திரர். பிரபஞ்சம் விரிந்துகொண்டே போகின்றது என்பதையும், அதற்கு ஓர் ஆரம்பம் இருந்திருத்தல் வேண்டும் என்பதையும் கணித முகத்தால் எடுத்துக் காட்டியவர் அவர்.

பெல்ஜிய தேசத்திலே நிலக்கரிச் சுரங்கங்கள் மலிந்த சார்லெருவா என்னும் பட்டினத்திலே, 1894ஆம் ஆண்டு யூலை மாசம் 17ந் திகதி லெமேத்திரர் பிறந்தார். தந்தையார் கண்ணாடித் தொழிற்சாலை நடத்தியவர். அது தீக்கிரையானபின் குடும்பம் 1910இல் தலைநகராகிய பிரசல்ஸ் நகருக்குக் குடிபெயர்ந்தது. சிறுவயதிலேயே தாம் குருவானவராகவும் விஞ்ஞானியாகவும் ஆகவேண்டும் என்று ஒரே காலத்தில் நிச்சயித்துக்கொண்டதாக அவர் பிற்காலத்திலே சொல்லியதுண்டு. இரண்டையும் ஒன்றாக விரும்பிய பிள்ளை அவ்விரண்டும் ஒத்துப்போகும் இடங்களைத் தேடுதல் இயல்பே. இயேசு சபையார் நடத்திய பாடசாலையிலே படிக்குங் காலத்தில், ஆதியாகமத்தின் தொடக்கத்திலே விஞ்ஞானத்தை முன்னறிந்து கூறியதுபோலத் தோன்றிய ஒரு பகுதியைக் கண்டு, உவகை மேலிட்டவராய்த் தமக்குக் கற்பித்த குருவானவரிடம் கொண்டுபோய்க் காட்டினார். ஆசிரியர் மகிழவில்லை. அங்ஙனம் ஒத்திருந்தாலும் அதனால் வரும் விசேஷம் ஒன்றுமில்லை என்றும், விவிலியம் விஞ்ஞானம் போதிக்க வந்த நூல் என்று ஆராயாதார் மயங்குவதற்கே அஃது ஏதுவாகும் என்றும் சொல்லி அனுப்பிவிட்டார்.

இவ்விடத்திலே நம்முடைய ஞாபகம் ஒன்றைச் சொல்லாமல் அப்பாற் செல்லுதல் இயலாது. நாமும் மிஷன் கல்லூரி ஒன்றிலே படித்தவர்களே. ஆதியாகமத்துச் சொல்லிய ஆறு நாட்களை ஆறு நீண்ட யுகங்களாக விரித்து, ஒவ்வொன்றையும் பூமியின் பாறை அடுக்குகளோடு பொருத்திக் காட்டிய உபாத்தியாயர் ஒருவர் அங்கே இருந்தார். சைவப் பிள்ளைகளாகிய நாங்கள் அதைக் கேட்டு வீதியிலே நகைத்துக்கொண்டு வருவோம். முப்பது வருஷங் கழித்து நாம் கரும்பலகையிலே செய்ததும் அதுவே என்பது அந்த மாணாக்கி வினாவிய பின்னரே நமக்கு உறைத்தது.

லெமேத்திரர் 1911இல் லூவேன் நகரத்துக் கத்தோலிக்க சர்வகலாசாலையிலே எந்திரவியல் கற்கத் தொடங்கினார். படிப்பு முற்றுமுன் 1914ஆம் ஆண்டு மகாயுத்தம் மூண்டது. ஜேர்மானிய சேனை லூவேன் நகரிலே புகுந்து சர்வகலாசாலைப் புத்தகசாலையைத் தீக்கிரையாக்கிற்று. இருபது வயதினராகிய அவர் தாமாகவே சேனையிற் சேர்ந்து, யுத்தம் முடியும்வரை நான்கு வருஷம் போர்முனையில் நின்றார். பதுங்குகுழியிலே இருந்துகொண்டு பொயன்கரே என்னும் பிரெஞ்சுக் கணித வித்துவானுடைய நூல்களை வாசித்தார் என்பர். யுத்த சேவைக்காக வீரப்பதக்கம் பெற்றார். மீண்டு வந்தவர் எந்திரவியலைக் கைவிட்டுக் கணிதத்தையும் பௌதிகத்தையும் கற்று 1920இல் கலாநிதிப் பட்டம் பெற்றார். அவ்வாண்டிலேயே மெக்லின் நகரத்துக் குருமடத்திற் புகுந்தார். அங்கே கர்தினால் மெர்சியே என்பவர், சமயக் கல்வியோடு ஐன்ஸ்ரைனுடைய சார்புக் கொள்கையையும் பயிலுமாறு அவருக்கு அனுமதி அளித்தார். அம்மெர்சியே கையாலேயே 1923ஆம் ஆண்டு செப்ரெம்பர் மாசத்தில் குருப்பட்டம் பெற்றார்.

குருமடத்திலிருந்தபொழுது, பள்ளிக்கூடத்து ஆசிரியர் விலக்கிய அதே காரியத்தை அவர் மறுபடியுஞ் செய்தார். கடவுளின் முதல் மூன்று வார்த்தைகள் என்னும் பொருள்படத் தலைப்பிட்டு 1921இல் ஒரு கட்டுரை எழுதினார். ஒளியை வீசாத பொருள் ஒன்றும் உலகத்தில் நிலைபெறுதல் கூடாது என்னும் பௌதிக நியாயத்தைக் கொண்டு, ஒளி உண்டாகுக என்று கடவுள் பணித்த விவிலிய வசனத்துக்குப் பொருள் காண முயன்றது அக்கட்டுரை. அதனை அவர் அச்சேற்றவில்லை. அந்தப் பாதையிலே பின்னர் நடக்கவும் இல்லை. பிழையை ஒருமுறை தாமே செய்து பார்த்தவர் ஆதலின், பிறர் அதைச் செய்தபொழுது அவர் கோபிக்காமல் விலக்க அறிந்திருந்தார் போலும்.

குருப்பட்டம் பெற்றபின் இங்கிலாந்து சென்று, கேம்பிரிட்ஜ் நகரத்திலே எடிங்ரன் என்னும் வானநூற் பேராசிரியரிடம் ஒரு வருஷங் கற்றார். எடிங்ரன் குவேக்கர் சமயத்தவர். மாணாக்கரோ கத்தோலிக்கக் குரு. அதன்பின் அமெரிக்காவிலே ஹார்வார்ட் வானாராய்ச்சிச் சாலையில் ஒரு வருஷம் இருந்து, 1925இல் லூவேன் திரும்பி ஆசிரியரானார். அக்காலத்து வானநூலார் முன் ஒரு புதிர் நின்றது. தூரத்து மண்டலங்களிலிருந்து வரும் ஒளியை நிறம் நிறமாகப் பகுத்துப் பார்த்த சிலிபர் என்பவர், அம்மண்டலங்களுட் பெரும்பாலன நம்மை விட்டு அதிவேகமாய் விலகிப் போகின்றன என்று கண்டிருந்தார். அவை ஏன் விலக வேண்டும்? 1927ஆம் ஆண்டிலே லெமேத்திரர் பிரெஞ்சு பாஷையில் வெளியிட்ட கட்டுரை இதற்கு விடை கூறிற்று. மண்டலங்கள் வெளியினூடே ஓடவில்லை, வெளிதானே விரிகின்றது என்பது அவ்விடை. வகுப்பிலே இதை விளக்க ஒரு பலூன் போதும். அதன்மேல் மையினாற் புள்ளிகள் இட்டு ஊதினால், எந்தப் புள்ளியில் நின்று பார்த்தாலும் மற்றைப் புள்ளிகள் விலகுவனவாகவே தோன்றும். தூரத்துப் புள்ளி விரைவாகவும் அணித்தாயது மெதுவாகவும் விலகும். தூரத்துக்கும் வேகத்துக்கும் உள்ள அந்த விகிதத்தையும் லெமேத்திரர் அப்பொழுதே கணித்து எழுதியிருந்தார். அமெரிக்க வானநூலாராகிய ஹபிள் அதனைத் தம் அளவைகளால் நிறுவியது 1929இலாகும்.

கட்டுரை வெளிவந்த அவ்வாண்டிலே பிரசல்ஸ் நகரத்தில் ஒரு மகாநாடு கூடிற்று. அங்கே வந்திருந்த ஐன்ஸ்ரைன், பூங்கா ஒன்றிலே உலாவியவாறே லெமேத்திரருடன் பேசினார். கணிதத்திற் குற்றமில்லை; ஆனால் அதனால் வரும் பௌதிக முடிவு ஒரு சிறிதும் ஏற்கத்தக்கதன்று என்பது அவர் தீர்ப்பு. உருசிய தேசத்து பிரீட்மன் என்பவர் 1922இலேயே இதுபோன்ற கணிதத்தைச் செய்திருந்தார் என்பதையும் லெமேத்திரர் அப்பொழுதுதான் அறிந்தார். உலகம் என்றும் மாறாது ஒரே நிலையில் நிற்பது என்று ஐன்ஸ்ரைன் கொண்டிருந்தார். அதனைக் காப்பதற்காகவே 1917இல் தம் சமன்பாட்டிலே ஓர் எண்ணைச் சேர்த்திருந்தார். சமயக் கொள்கை உடையாரே தம் கொள்கைக்காக உலகத்தை வளைப்பர், விஞ்ஞானிகள் வளையார் என்று கருதும் மாணாக்கருக்கு இந்தச் செய்தியைச் சொல்லுதல் தகும்.

மூன்று வருஷம் அக்கட்டுரையை ஒருவரும் பொருட்படுத்தவில்லை. 1930இலே, எடிங்ரன் அதே புதிரைப் பற்றி லண்டன் வானநூற் சபையிலே பேசினார் என்று அறிந்த பழைய மாணாக்கர், தம்முடைய கட்டுரையை ஞாபகப்படுத்திக் கடிதம் எழுதினார். எடிங்ரன் தம் மறதியை ஒப்புக்கொண்டு, அதனை எங்கும் பரப்பினார். 1931இல் ஆங்கில மொழிபெயர்ப்பு வெளிவந்தபொழுது, விகிதத்தைக் கணித்த பகுதி அதிலே காணப்படவில்லை. ஆங்கிலேயர் அதனை மறைத்தனர் என்று நெடுங்காலம் சிலர் ஐயுற்றனர். மொழிபெயர்த்தவர் லெமேத்திரரே என்பதும், ஹபிளினுடைய புதிய அளவைகள் வந்தபின் தம்முடைய பழைய எண்ணை மறுபடியும் அச்சிடுவதிற் பயனில்லையென்று தாமே விட்டார் என்பதும், அவருடைய கடிதம் ஒன்றினால் 2011இல் வெளிப்பட்டன. புகழை இவ்வளவு எளிதாக விட்டவரைக் காண்பது அரிது. உலக வானநூற் சங்கத்தார் 2018இலே வாக்கெடுத்து அவ்விதிக்கு ஹபிள்-லெமேத்திரர் விதி என்று பெயர் சூட்டினர்.

விரிகின்ற பொருள் முன்னே சுருங்கி இருந்திருத்தல் வேண்டும். காலத்தைப் பின்னோக்கிக் கணித்துப் போனால் எல்லாம் ஓரிடத்தில் ஒடுங்கும். 1931ஆம் ஆண்டு மே மாசத்திலே, நேச்சர் என்னும் ஆங்கிலப் பத்திரிகையில் ஒரு பக்கமும் நிரம்பாத கடிதம் ஒன்றிலே லெமேத்திரர் இதனை வெளியிட்டார். பிரபஞ்சம் முழுவதும் ஆதியிலே ஓர் அணுவாக இருந்து, ரேடியம் சிதறுவதுபோலச் சிதறிப் பிரிந்து இன்றைய நட்சத்திர மண்டலங்களாயிற்று என்றும், காலமும் வெளியும் அச்சிதறலின் பின்னரே பொருளுடையனவாயின என்றும் அதிற் கூறினார். இதுவே ஆதி அணுக் கொள்கை. பெருவெடிப்பு என்று இன்று பாடப்புத்தகங்கள் வழங்கும் பெயர் அவர் இட்டதன்று. அக்கொள்கையை மறுத்த ஹொயில் என்பவர் 1949இல் வானொலியிலே பேசும்பொழுது வழங்கிய பெயர் அது.

அக்கடிதத்தின் கைப்பிரதி பின்னர் ஆராய்ச்சியாளர் கைக்குக் கிட்டிற்று. அதன் முடிவிலே அச்சில் வராத வாக்கியம் ஒன்று தட்டெழுத்திலே இருக்கின்றது. எல்லாப் பொருளையும் தாங்கும் பரம்பொருள் ஒன்றை நம்புவோர் அப்பொருள் இயல்பிலே மறைந்து நிற்பது என்றும் நம்புவர். சிருட்டியை மறைக்கும் திரை ஒன்றை இன்றைய பௌதிகம் அளிப்பது கண்டு அவர் மகிழ்தலுங் கூடும் என்பது அதன் கருத்து. லெமேத்திரர் பேனா எடுத்து அதனை வெட்டிவிட்டார். நாம் இச்சரித்திரத்திலே நெடுநேரம் நின்று நோக்கிய இடம் இது. அவர் வெட்டியது தாம் நம்பாத ஒன்றையன்று. தம் நெஞ்சிலே ஆழ வேரூன்றியிருந்த ஒன்றை. இறைவன் ஐந்தொழிலுள் மறைத்தலையும் ஒன்றாகக் கொண்ட நமக்கு அவ்வாக்கியம் இனிக்கவே செய்யும். ஆயினும் விஞ்ஞானப் பத்திரிகையிலே அதற்கு இடமில்லை என்று எழுதியவரே தீர்மானித்தார். அவ்வாக்கியத்தின் கருத்தும் அதுவேயன்றோ? மறைந்து நிற்பவனைச் சமன்பாட்டிலே பிடித்து வைத்தல் கூடாது.

கருத்தை வெட்டினும் அங்கியை மறைக்க இயலாதே. கழுத்துப்பட்டி அணிந்த குருவானவர் உலகத்துக்கு ஆரம்பம் உண்டு என்றால், சிருட்டியைப் பின்வாயிலாற் கொண்டுவருகின்றார் என்றே விஞ்ஞானிகள் பலரும் ஐயுற்றனர். ஆரம்பம் என்னும் எண்ணம் எடிங்ரனுக்கே அருவருப்பாயிருந்தது. அது சிருட்டியை மிகவும் நினைப்பூட்டுகின்றது என்று ஐன்ஸ்ரைன் தம்மைத் தடுத்ததாக லெமேத்திரரே பின்னர் கூறியிருக்கின்றார். 1948இலே ஹொயிலும் அவர் நண்பரும் உலகம் அநாதியாய் என்றும் ஒரே தன்மைத்தாய் இருப்பது, விரியுந்தோறும் புதிய பொருள் சிறிது சிறிதாய் உண்டாகின்றது என்னும் கொள்கையை எதிர்நிறுத்தினர். லெமேத்திரர் பக்கத்திலும் ஒரு சங்கடம் இருந்தது. ஹபிளினுடைய எண்ணை வைத்துக் கணித்தால் பிரபஞ்சத்தின் வயது ஏறக்குறைய 200 கோடி வருஷமே ஆகும். பாறைகளை ஆராய்ந்தோர் பூமிக்குக் கூறிய வயது அதனிலும் அதிகம். பிள்ளை தாயிலும் மூத்தது எங்ஙனம்? 1952 முதலாகத் தூர அளவைகள் திருத்தப்பட்டன. இன்று கொள்ளப்படும் வயது 1380 கோடி வருஷம். 200 கோடி என்னும் எண்ணுக்கு இணையாக அக்காலத்திலே எந்தச் சமயத்தவராவது தம் நூலில் ஒரு வாக்கியம் தேடியெடுத்திருந்தால், இருபது வருஷத்தில் அதனைத் திரும்பப் பெற வேண்டியிருந்திருக்கும். நம்முடைய மாணாக்கி வினாவியதும் இதுவே.

ஆரம்பம் வேறு, சிருட்டி வேறு என்பது லெமேத்திரருடைய உறுதியான துணிவு. இதனை அவர் தம் சமயத்துப் பேராசிரியராகிய அக்குவினாஸ் தோமையாரிடம் கற்றிருந்தார். உலகம் ஒரு காலத்திலே தொடங்கியதென்று விசுவாசத்தாற் கொண்ட அவ்வாசிரியர், அஃது அநாதியன்று என்பதை நியாயத்தால் நிறுவுதல் இயலாது என்றும், அநாதியாக இருப்பினும் அது கடவுளையே சார்ந்து நிற்கும் என்றும் கூறியவர். ஆகவே ஆதி அணு இருந்ததோ இல்லையோ, அதனாற் கடவுள் நிலைபெறுவதுமில்லை, நீங்குவதுமில்லை. கடவுள் இல்லை என்பவனும் தம் கொள்கையை இடரின்றி ஏற்கலாம் என்று லெமேத்திரர் 1958இல் விஞ்ஞானிகள் கூடிய மகாநாடொன்றிலே வெளிப்படையாகச் சொன்னார்.

நம்முடைய சித்தாந்தம் இங்கே முற்றும் வேறானது. இல்லாததிலிருந்து உலகம் உண்டாயிற்று என்பதை நாம் ஒப்புவதில்லை. குடத்துக்கு மண்போல உலகுக்கு மாயை முதற்காரணம். தண்டசக்கரம்போலச் சத்தி துணைக்காரணம். குயவன்போல இறைவன் நிமித்தகாரணன். ஒடுங்கியதே மீளத் தோன்றும். சிவஞானபோதத்தின் முதற் சூத்திரம் இதனையே எடுத்துக்கொண்டது. ஆதி அணு என்பது மாயையே என்று மேடையிலே முழங்குவோர் உளர். அணுவுக்கு நிறை உண்டு, சூடு உண்டு, கணக்கு உண்டு. மாயையோ அருவமாய்க் காட்சிக்கு எட்டாது அநுமானத்தாற் பெறப்படுவது. இரண்டையும் ஒன்றாக்குவோர் விஞ்ஞானத்தையும் கற்றிலர், சித்தாந்தத்தையுங் கற்றிலர். ஜெனீவா நகரத்து அணு ஆராய்ச்சிச் சாலையின் முற்றத்திலே 2004இல் நடராசமூர்த்தியின் திருவுருவம் நிறுவப்பட்டதையும் இவர்கள் சான்று காட்டுவர். அஃது இந்திய அரசாங்கம் அளித்த கொடை. அழகிய கொடை, பரீட்சை முடிவன்று.

லெமேத்திரர் வாழ்வின் கடுஞ்சோதனை எதிரிகளிடமிருந்து வரவில்லை. 1951ஆம் ஆண்டு நவம்பர் மாசம் 22ந் திகதி, பன்னிரண்டாம் பத்திநாதர் என்னும் பாப்பரசர் தம் விஞ்ஞானக் கழகத்தார் முன் நிகழ்த்திய பிரசங்கத்திலே, உலகுக்கு ஆரம்பம் உண்டென்று இக்கால விஞ்ஞானம் காட்டுவது ஆதியிலே ஒளி தோன்றிய சிருட்டிக்குச் சாட்சியாயிற்று என்னும் கருத்துப்படப் புகழ்ந்துரைத்தார். பத்திரிகைகள் அதனை எங்கும் பரப்பின. தம் சமயத்தின் தலைவரே தம் கொள்கையைத் தலைமேற் கொண்டால் மகிழாதார் யார்? லெமேத்திரர் 1936 முதல் அக்கழகத்தின் அங்கத்தவர். அவர் மகிழவில்லை, கலங்கினார். இன்னும் நிரூபணம் ஆகாத ஓர் ஊகத்தின்மேற் சமயத்தைக் கட்டினால், ஊகம் சரியும்போது சமயமுஞ் சரிந்ததென்பர். ஐயுற்று நின்ற விஞ்ஞானிகளுக்கோ ஐயம் தெளிந்தது போலாகும். அவர் பத்திரிகைக்கு எழுதவில்லை, மேடையேறி மறுக்கவில்லை. அடுத்த வருஷம் தென்னாபிரிக்காவிலே ஒரு மகாநாட்டுக்குப் போகும் வழியில் உரோமாபுரியிலே தங்கி, பாப்பரசருடைய வானாராய்ச்சிச் சாலைக்கு அதிபராயிருந்த ஒக்கொன்னெல் என்னும் குருவானவரோடும் அரண்மனை அதிகாரிகளோடும் கலந்து பேசினார். 1952 செப்ரெம்பர் 7ந் திகதி உலக வானநூலார் சங்கத்தாருக்குப் பாப்பரசர் மறுபடியும் பிரசங்கஞ் செய்தார். நீண்ட பிரசங்கம், வானநூலின் வளர்ச்சியெல்லாம் அதிலே பேசப்பட்டது. ஆரம்பத்தைச் சிருட்டிக்குச் சான்றாக்கும் பேச்சு மாத்திரம் அதில் வரவில்லை.

பணிவுடைய குருவொருவர் தம் தலைவரைத் திருத்திய விதம் இது. தலைவரும் திருந்தினார். இதிலே யாரை முதலிற் புகழ்வது என்று நாம் இன்னுந் துணியவில்லை.

பிற்காலத்திலே அவர் வானநூலில் மிகுதியாகத் தலையிடவில்லை. கணிதப் பொறிகளிலே பெருவிருப்பங் கொண்டு, 1958இல் லூவேன் சர்வகலாசாலைக்கு முதற் கணினியைத் தருவித்தார். 1960இலே பாப்பரசரின் விஞ்ஞானக் கழகத்துக்குத் தலைவரானார். ஆதியிலே நிகழ்ந்த சிதறலின் எச்சமாக ஏதோ ஒரு கதிர் இன்றும் வெளியெங்கும் பரந்திருக்க வேண்டும் என்று அவர் நெடுங்காலம் நம்பியிருந்தார். விண்வெளியிலிருந்து வரும் காஸ்மிக் கதிர்களே அவ்வெச்சம் என்று கருதினார். அக்கருத்துப் பிழையாயிற்று. ஐன்ஸ்ரைன் சேர்த்துப் பின் கைவிட்ட எண்ணை அவர் விடாது பிடித்திருந்ததோ பிழையாகவில்லை. பிரபஞ்சத்தின் விரிவு வேகமுறுகின்றது என்று 1998இல் கண்டபின் வானநூலார் அதனை மீள எடுத்துக்கொண்டனர்.

1964ஆம் ஆண்டின் இறுதியிலே இருதய நோய் அவரைத் தாக்கிற்று. அதே காலத்தில் அமெரிக்காவிலே பென்சியஸ், வில்சன் என்னும் இருவர், தொலைத்தொடர்புக்காக அமைத்த பெரிய அந்தெனா ஒன்றிலே எப்பக்கம் திருப்பினாலும் நீங்காத மெல்லிய இரைச்சல் ஒன்றைக் கேட்டு, முதலில் அதன் காரணம் அறியாது மயங்கினர். உறைநிலைக்குக் கீழே 270 பாகை அளவான குளிர்ந்த கதிர் வான் முழுவதும் பரந்திருக்கின்றது என்பதும், அஃது ஆதிச் சூட்டின் எச்சமே என்பதும் 1965இல் வெளியாயின. லெமேத்திரருடைய உதவியாளராயிருந்து பின் அவர் இடத்துக்கு வந்த கொடார் என்பவர் நோயுற்றிருந்த ஆசிரியரிடம் சென்று அச்செய்தியைச் சொன்னார். கேட்டு மகிழ்ந்தார் என்பர். 1966ஆம் ஆண்டு யூன் மாசம் 20ந் திகதி, எழுபத்திரண்டாம் வயது நிரம்புதற்கு ஒரு மாசம் இருக்கையில், லூவேன் நகரத்திலே லெமேத்திரர் தேகவியோகமானார்.